மௌனப் படச்சுருளில் காவலர் அணிநடை: சிகாகோ, 1896

முன்னுரை

லூமியேர் நிறுவனத்திற்காக அலெக்சாந்தர் புரோமியோ 1896ஆம் ஆண்டு சிகாகோவில் காவலர் அணிவகுப்பு ஒன்றைப் படமாக்கினார். இத்தகைய மௌனப் பதிவுகளைக் காவல்துறையின் பயிற்சிக்கும் ஆயுதப் பயன்பாட்டிற்கும் சான்றாகக் கொள்ளும்போது கருத வேண்டியவற்றை இக்கட்டுரை விளக்குகிறது.

படச்சுருளின் இயல்பு

லூமியேர் படச்சுருளின் நீளம் ஏறத்தாழ 17 மீட்டர். கைப்பிடியைச் சுழற்றி நொடிக்கு ஏறத்தாழ 16 சட்டகங்கள் வீதம் எடுக்கப்பட்டமையால் ஒரு படம் 50 நொடி அளவே ஓடும். அதனை நொடிக்கு 24 சட்டகங்களாகத் திரையிட்டால் 33 நொடிகளில் முடிந்துவிடும். நிமிடத்திற்கு 100 எட்டு வைத்தவர் 150 எட்டு வைப்பவராகத் தோன்றுவார். எனவே, திரையில் புலப்படும் விறைப்பும் விரைவும் பயிற்சியால் அமைந்தனவா, திரையிடும் வேகத்தால் அமைந்தனவா என்பதை முதலில் பிரித்தறிதல் வேண்டும்.

அணிநடையும் ஆயுதமும்

நிலையாக நிறுத்தப்பட்ட படக்கருவியின் முன் காவலர்கள் வரிசை வரிசையாகக் கடந்து செல்கின்றனர். இவ்வணிநடை காட்சிக்குரியது மட்டுமன்று. கூட்டத்தைக் கலைக்கும் முறையும் ஆகும். 1886 மே 4 இரவு, இதே நகரின் ஹேமார்க்கெட் பகுதியில் தொழிலாளர் கூட்டம் முடிவுறும் வேளையில் காவலர்கள் அணிவகுத்து வந்து கலைந்துசெல்லுமாறு ஆணையிட்டனர். அப்போது குண்டு வீசப்பட்டது; காவலர்கள் கைத்துப்பாக்கியால் சுட்டனர். 7 காவலர்களும் குறைந்தது 4 பொதுமக்களும் உயிரிழந்தனர். பத்தாண்டுகளுக்குப் பின் எடுக்கப்பட்ட மௌனப் படத்தில் அணியின் ஒழுங்கு உண்டு; அவ்வொழுங்கு எதிர்கொள்ளும் கூட்டம் இல்லை.

காட்டப்பட்டதும் காட்டப்படாததும்

இதற்கு மாறான பதிவும் சிகாகோவிலேயே கிடைக்கிறது. 1937 மே 30 அன்று ரிபப்ளிக் எஃகு ஆலைக்கு அருகே வேலைநிறுத்தத் தொழிலாளர்மீது காவலர்கள் சுட்டதில் 10 பேர் இறந்தனர். பாராமவுண்ட் செய்திப்படக் குழு அங்கு எடுத்த காட்சிகளை அந்நிறுவனம் உடனே வெளியிடவில்லை. லா ஃபொலெட் தலைமையிலான செனட் குழு அவற்றைப் பெற்றுத் திரையிட்ட பின்னரே நடந்தது தெளிவாயிற்று. அணிவகுப்பு தடையின்றித் திரையேறியது. துப்பாக்கிச்சூடு விசாரணையின் வழியே திரையேறியது.

முடிவுரை

காவலர் பயிற்சியைக் காட்டும் மௌனப் படம், அத்துறை மக்கள்முன் தோன்றிய விதத்திற்குச் சான்றாகும். ஆயுதம் பயன்பட்ட விதத்திற்கு அதனை மட்டுமே சான்றாகக் கொள்ளுதல் பொருந்தாது. சட்டக வேகத்தைக் கணித்தல், படத்தில் இடம்பெறாதோரைப் பிற ஆவணங்களில் தேடுதல் ஆகிய இரண்டும் இணையும்போதே அப்பதிவு வரலாற்றுச் சான்றாகும் தகுதியைப் பெறும்.