பேரரசு போயிற்று, பத்திரம் நிற்கிறது

குமுளியில் ஏலக்காய் வியாபாரம் பண்ணுகிற எனக்குக் குத்தகைப் பத்திரம் புதிதல்ல. ஆனால் 999 வருஷக் குத்தகையை முல்லைப் பெரியாற்றில்தான் கண்டேன்.

1886-இல் திருவிதாங்கூர் மகாராஜாவிடமிருந்து 8,000 ஏக்கரை, ஏக்கருக்கு வருஷம் 5 ரூபாய் வாடகைக்கு வெள்ளைக்கார சர்க்கார் எழுதி வாங்கிற்று. அணை 1895-இல் எழுந்தது.

1947-இல் பேரரசு போயிற்று. 1949-இல் திருவிதாங்கூர் கொச்சியோடு இணைந்தது. பத்திரம் மட்டும் போகவில்லை. மகுடமும் சமஸ்தானமும் செய்த உடன்படிக்கைகளெல்லாம் 1947-லேயே காலாவதி என்றது கேரளம். இது அரசியல் உடன்படிக்கை அல்ல, செல்லும் என்று 2014-இல் உச்ச நீதிமன்றம் தீர்த்தது. அதே பேரரசு 1898-இல் சீனாவிடம் 99 வருஷத்துக்கு எடுத்த ஹாங்காங் நிலப்பகுதியோ 1997-இல் திரும்பிப் போய்விட்டது.

கம்பத்து விவசாயிக்குத் தண்ணீர்க் கவலை, வண்டிப்பெரியாற்றுக்காரருக்கு அணை பயம். இரண்டு பேரும் நமக்கு வேண்டியவர்களே. 1970-இல் இரு மாநிலமும் உட்கார்ந்து பேசி வாடகையை 30 ரூபாயாக்கின. பழைய பத்திரத்தையும் பேசித் திருத்தலாம் என்பதற்கு அதுவே சாட்சி.