சிலையும் கயிறும்

1917-இல் வந்த சார்லி சாப்ளினின் 'தி இமிக்ரன்ட்' இரண்டு ரீல் படம்தான். கப்பல் நியூயார்க்கை நெருங்குகிறது. சுதந்திர பூமி வந்தாயிற்று என்கிறது ஓர் எழுத்து அட்டை. சுதந்திர தேவி சிலை தெரிய, குடியேற வந்த கூட்டம் கண்கொட்டாமல் பார்க்கிறது. உடனே அதிகாரிகள் குறுக்கே கயிற்றை இழுத்து, மாட்டைப் பட்டியில் அடைப்பதுபோல அத்தனை பேரையும் ஒதுக்குகிறார்கள். கயிற்றுக்குப் பின்னால் நெருக்குண்ட சார்லி திரும்பி அந்தச் சிலையை இன்னொரு தடவை பார்க்கிறான். பிறகு அதிகாரியின் பின்புறத்தில் ஓர் உதை. அட்டையில் இருப்பது அரசின் பேச்சு, கயிறு அரசின் காரியம். இரண்டையும் அடுத்தடுத்து வைத்ததோடு சரி, கண்டித்து ஒரு வார்த்தை கிடையாது. ஊமைப்படத்தின் அரசியல் நையாண்டியை இந்தக் காட்சி அடுக்கில்தான் தேட வேண்டும் என்பது என் கட்சி.

அரசியலாவது மண்ணாவது, சீருடைக்காரனை உதைத்தால் கொட்டகை சிரிக்கும், அவ்வளவுதான் என்பார்கள். பாதி உண்மை. கீஸ்டோன் கம்பெனியின் கோமாளிப் போலீஸ்காரர்களும் ஓயாமல் தடுக்கி விழுந்தவர்கள்தான். ஆனால் அவர்கள் விழுந்தது சொந்த அசட்டுத்தனத்தால். அவர்கள் காத்த சட்டத்தின்மேல் ஒரு கீறலும் விழவில்லை. சார்லியின் உதைக்கோ காரணம் கண்ணெதிரே காட்டப்படுகிறது. எழுதப் படிக்கத் தெரியாதவர்கள் குடியேறக் கூடாது என்ற சட்டத்தை, அதிபர் வில்சனின் மறுப்பையும் மீறி, அமெரிக்க நாடாளுமன்றம் நிறைவேற்றியது அந்த பிப்ரவரியில். படம் வந்தது ஜூனில். சாப்ளின் அதை மனத்தில் வைத்தே எடுத்தார் என்று அடித்துச் சொல்ல மாட்டேன். எடுத்தவர் நினைக்காததையும் காலம் படத்துக்குள் கொண்டுவந்து சேர்த்துவிடும். பஸ்டர் கீட்டனைப் பாருங்கள், கொள்கை பேசிய ஆளே இல்லை. 1922-இல் வந்த 'காப்ஸ்' படத்தில் போலீஸ் அணிவகுப்புக்குள் வண்டியோடு மாட்டிக்கொள்கிறார். மாடியிலிருந்து ஒருவன் எறிந்த குண்டு பக்கத்தில் விழ, அதன் திரியில் நிதானமாக சிகரெட் பற்றவைத்துக்கொண்டு தூக்கிப்போடுகிறார். ஊர்ப் போலீஸ் மொத்தமும் துரத்துகிறது. வால் ஸ்ட்ரீட் குண்டுவெடிப்பில் முப்பதுக்கும் மேற்பட்டோர் செத்து அப்போது இரண்டு வருடம்கூட ஆகவில்லை. சந்தேகப்பட்டவர்களையெல்லாம் அள்ளிக்கொண்டு போன காலம் அது.

ஏன் இப்படிச் சுற்றி வளைக்க வேண்டும்? ஒஹையோ மாநில சென்சாரை எதிர்த்து மியூச்சுவல் கம்பெனி போட்ட வழக்கில், சினிமா வெறும் வியாபாரம், பேச்சுரிமை அதற்குப் பொருந்தாது என்று 1915-இல் உச்ச நீதிமன்றம் கைவிரித்துவிட்டது. 'தி இமிக்ரன்ட்'டை வெளியிட்டதும் அதே மியூச்சுவல்தான். உதையைக்கூட வெட்டிவிடலாம்; சிலையைத் திரும்பிப் பார்க்கும் முகத்தை என்ன குற்றம் சொல்லி வெட்டுவது? அந்தத் தீர்ப்பை நீதிமன்றம் மாற்றிக்கொண்டது 1952 மே மாதம். அதே ஆண்டு செப்டம்பரில் லண்டனுக்குக் கப்பலேறிய சாப்ளின் நடுக்கடலில் இருந்தபோது, அவர் அமெரிக்கா திரும்புவதற்கான அனுமதியை அரசு ரத்து செய்தது.