இல்லாத கை ஏன் வலிக்கிறது?

"இல்லாத கை வலிக்குதுங்க சார்."

பொள்ளாச்சிப் பக்கம் நான் பணியாற்றிய பள்ளியில் எட்டாம் வகுப்பு மாணவன் ஒருவன் சொன்னது இது. மாட்டுக்குச் சோளத்தட்டு நறுக்கும் இயந்திரத்தில் வலது கையை மணிக்கட்டோடு இழந்தவன். இடது கையால் எழுதச் சோம்பல்பட்டுச் சாக்குச் சொல்கிறான் என்றெண்ணி அதட்டிவிட்டேன். "விரலெல்லாம் மடங்கி உள்ளங்கையில குத்துதுங்க" என்றவன், குனிந்து எழுதத் தொடங்கினான்.

இரவில் அவன் தூங்குவதேயில்லை என்று அவனுடைய அம்மா வந்து சொன்ன பிறகுதான் இதைப் பற்றித் தேடிப் படித்தேன்.

அவன் சொன்னது பொய்யில்லை. கை, கால் இழந்தவர்களில் பாதிக்கும் மேற்பட்டோருக்கு இவ்வலி வருகிறது. அமெரிக்க உள்நாட்டுப் போரில் காயமுற்ற வீரர்களுக்குச் சிகிச்சையளித்த மருத்துவர் வேர் மிட்செல், 1871இல் இதை 'மாய உறுப்பு' என்ற பொருளில் குறிப்பிட்டார்.

வெட்டுப்பட்ட நரம்பின் நுனி தவறான தகவல்களை அனுப்புவது ஒரு காரணம். மற்றொன்று மூளையில் இருக்கிறது. பெருமூளைப் புறணியில் உடலின் ஒவ்வொரு பகுதிக்கும் ஓர் இடம் உண்டு. கை போனாலும் கைக்குரிய இடம் அங்கேயே இருக்கிறது. அதற்கு அடுத்து இருப்பது முகத்துக்குரிய இடம். அதனால்தான் சிலருக்குக் கன்னத்தைத் தொட்டால் இல்லாத விரலைத் தொடுவதுபோல் தோன்றுகிறது.

சென்னை ஸ்டான்லி மருத்துவக் கல்லூரியில் பயின்ற நரம்பியல் அறிஞர் வி.எஸ்.ராமச்சந்திரன், 1990களில் கலிஃபோர்னியாவில் ஓர் எளிய வழியைக் கண்டார். இரு கைகளுக்கும் நடுவே கண்ணாடியை நிறுத்தினால், இருக்கும் கையின் பிம்பம் இல்லாத கையின் இடத்தில் தெரியும். மூடிய கையை மெல்ல விரித்தால், இல்லாத கையும் விரிவதாக மூளை உணர்கிறது. பலருக்கு வலி குறைகிறது, எல்லோருக்கும் அல்ல. நரம்பு வலிக்கான மருந்துகளும் பயிற்சிகளும் சேர்த்தே தரப்படுகின்றன.

வட்டார வள மையத்துக்கு வரும் இயன்முறை மருத்துவரிடம் அவனை அழைத்துச் சென்றேன். அவர் ஆலோசனைப்படி மருத்துவமனையிலும் காட்டினார்கள். தினமும் பதினைந்து நிமிடம் கண்ணாடிப் பயிற்சி. சில வாரங்களில், "விரல் கொஞ்சம் விரியுதுங்க சார்" என்றான். வலி முழுதாக நீங்கவில்லை; ஆனால் தூங்குகிறான். அன்று அதட்டியதற்கு அவனிடம் வருத்தம் தெரிவித்தேன்.

பத்தாம் வகுப்பில் நரம்பு மண்டலம் நடத்தும்போது ஒரு முகம் பார்க்கும் கண்ணாடியை எடுத்துச் செல்லுங்கள். ஒரு கையைக் கண்ணாடிக்குப் பின்னால் அசையாமல் வைத்து, மறு கையின் பிம்பத்தைப் பார்த்தபடி விரல்களை அசைக்கச் சொல்லுங்கள். மறைந்திருக்கும் கையும் அசைவதுபோல் இருக்கிறது என்று சிலராவது வியப்பார்கள். வலியை உணர்வது மூளைதான் என்பது அப்போது எளிதில் விளங்கும். மாணவன் வலிக்கிறது என்றால் முதலில் நம்ப வேண்டும் என்பதை எனக்கு விளக்கியவன் அந்தச் சிறுவன்.