கடைசிக் கட்டத்து நெல்மணிகள்

சதுரங்கப் பலகையின் முதல் கட்டத்தில் ஒரு நெல், அடுத்ததில் இரண்டு, அதற்கடுத்ததில் நான்கு என்று இரட்டித்துக்கொண்டே போகக் கேட்டு அரசனைத் திக்குமுக்காட வைத்தவனின் கதை நமக்குப் பழக்கமானது. கதை சொல்பவர்கள் மொத்த நெல்லைத்தான் கணக்கிட்டுக் காட்டுவார்கள். அறுபத்து நான்காவது கட்டத்தை மட்டும் தனியே எடுத்துப் பாருங்கள். அதில் விழ வேண்டிய மணிகள் 9,223,372,036,854,775,808. சுமாராக 92 ஆயிரம் கோடி கோடி. ஒரு மணிக்கு 25 மில்லிகிராம் எடை என்று கொண்டால், இன்று உலகம் முழுக்க விளையும் நெல்லை முந்நூறு ஆண்டுகளுக்குச் சேர்த்து வைத்தால்தான் அந்த ஒரு கட்டம் நிரம்பும்.

அமெரிக்காவில் மார்ச் மாதம் பிறந்தால் கோடிக்கணக்கானவர்கள் இதே எண்ணோடு மல்லுக்கட்டுகிறார்கள். அது கல்லூரிக் கூடைப்பந்து சாம்பியன் போட்டி நடக்கும் மாதம். 1939இல் எட்டு அணிகளோடு தொடங்கிய இந்த ஆடவர் போட்டியில் 1985இல் 64 அணிகள் ஆயின. 2011இல் 68 ஆயின. ஒஹையோ மாநிலத்து டேட்டன் நகரில் முதலில் நான்கு ஆட்டங்கள் நடத்தி நான்கு அணிகளைக் கழித்துவிடுவார்கள். மிச்சம் 64. அதன்பின் தோற்றவர் ஊருக்குத் திரும்ப வேண்டியதுதான், மறுவாய்ப்பு கிடையாது. 64இல் ஒன்றே மிஞ்ச வேண்டுமென்றால் 63 அணிகள் தோற்க வேண்டும். ஓர் ஆட்டத்துக்கு ஓர் அணி தோற்கும். ஆகவே 63 ஆட்டங்கள். ரசிகர்கள் போட்டி தொடங்கும் முன்பே இந்த 63 ஆட்டங்களிலும் யார் வெல்வார்கள் என்று எழுதிவைக்கிறார்கள். அந்தத் தாளுக்குப் பெயர் பிராக்கெட். அலுவலகத்தில், குடும்பத்தில், கல்லூரி விடுதியில் ஆளுக்கொன்று நிரப்பி யாருடையது அதிகம் பலித்தது என்று பார்ப்பார்கள். இஎஸ்பிஎன் நிறுவனத்தின் போட்டிக்கு மட்டும் ஆண்டுக்கு 2 கோடிக்கும் மேல் தாள்கள் வருகின்றன.

ஓர் ஆட்டத்துக்கு இரண்டு முடிவுகள். 63 ஆட்டங்களுக்கு 63 முறை இரட்டிக்க வேண்டும். அதாவது வெவ்வேறாக நிரப்பக்கூடிய தாள்களின் எண்ணிக்கை, கடைசிக் கட்டத்து நெல்மணிகளின் எண்ணிக்கையேதான். அரசன் கொடுக்க முடியாமல் தவித்த அந்தக் குவியலிலிருந்து சரியான ஒரு மணியைக் கண்ணைக் கட்டிக்கொண்டு எடுக்க வேண்டும்.

கண்ணைக் கட்டிக்கொண்டு யாரும் எடுப்பதில்லை, உண்மைதான். அணிகளுக்கு ஒரு குழு தரம் பிரித்துக் கொடுக்கிறது. நான்கு பிரிவுகள், பிரிவுக்கு 16 அணிகள், 1 முதல் 16 வரை தர எண். முதல் சுற்றில் 1ஆம் தர அணி 16ஆம் தர அணியோடும், 2ஆம் தர அணி 15ஆம் தர அணியோடும் மோதும். 8ஆம் தரமும் 9ஆம் தரமும் மோதுவது காசு சுண்டுவது போலத்தான்; 1ஆம் தரம் 16ஐச் சந்திப்பதோ ஏறக்குறைய முடிந்துபோன வழக்கு. 1985 முதல் 2025 வரை அப்படி நடந்த 160 ஆட்டங்களில் 158இல் 1ஆம் தர அணிதான் வென்றது. இதையெல்லாம் தெரிந்த ஒருவர் நிரப்பினால் வாய்ப்பு எவ்வளவு கூடும்? டிபால் பல்கலைக்கழகக் கணிதப் பேராசிரியர் ஜெஃப் பெர்கன் சொன்ன மதிப்பீடு, 12,800 கோடியில் ஒன்று. ஒவ்வோர் ஆட்டத்தையும் மூன்றுக்கு இரண்டு வீதம் சரியாகக் கணிப்பவர் என்று வைத்துக்கொண்டு நாமே பெருக்கிப் பார்த்தாலும் அதற்குப் பக்கத்தில்தான் வருகிறது. ஆண்டுக்கு 2 கோடித் தாள் வீதம் எழுதித் தள்ளினால் 6,400 ஆண்டுகளில் ஒன்று தேறலாம்.

2014இல் வாரன் பஃபெட் பின்னணியில் நிற்க, குவிக்கன் லோன்ஸ் நிறுவனம் பிழையில்லாத தாளுக்கு 100 கோடி டாலர் தருவதாக அறிவித்தது. ஏதோ தாராளம் என்று தோன்றும். காப்பீட்டுத் தொழிலில் ஊறிய பஃபெட்டுக்குக் கணக்குத் தெரியாதா! முதல் நாள் பகலிலேயே 11ஆம் தர டேட்டன் 60–59 என்று ஒஹையோ ஸ்டேட்டைச் சாய்த்தது. மறுநாள் 14ஆம் தர மெர்சர், டியூக்கை 78–71இல் வீட்டுக்கு அனுப்பியது. முதல் சுற்று முடிவதற்குள் அந்தப் போட்டிக்கு வந்த தாள்களில் பிழையில்லாதது ஒன்றுகூட மிஞ்சவில்லை. பதிவில் உள்ளவரை ஆக நீண்ட தூரம் போனது 2019இல் ஒஹையோக்காரர் ஒருவரின் தாள்: முதல் 49 ஆட்டங்களும் சரி. ஐம்பதாவதில் பர்டூ அணி டென்னஸியைக் கூடுதல் நேரத்தில் 99–94 என்று வென்று அதையும் முடித்துவைத்தது.

இதுவரை சொன்னது பெருக்கல் வாய்ப்பாடு. எனக்குச் சுவாரஸ்யமாகப் படுவது அதற்கு அடுத்த கேள்வி. நாடே அறிந்த பலசாலி அணி, பெயரே கேள்விப்படாத கல்லூரியிடம் ஏன் தோற்கிறது? தரம் பிரித்த குழு தப்புச் செய்துவிட்டது என்று ரசிகர்கள் ஆத்திரப்படுவார்கள். குழுவின் மேல் பெரிய குற்றம் இல்லை. ஆட்டத்தின் நீளத்தில்தான் விஷயம் இருக்கிறது.

கல்லூரி ஆட்டம் 40 நிமிடம். அதற்குள் ஓர் அணிக்குப் பந்தைக் கொண்டுபோய்ப் புள்ளி எடுக்கக் கிடைப்பது சுமார் 65, 70 வாய்ப்புகள். தொழில்முறை என்பிஏ ஆட்டம் 48 நிமிடம். அங்கே ஒரு வாய்ப்புக்குக் கொடுக்கும் அவகாசமும் குறைவு என்பதால் நூறு வாய்ப்புகள் வரை வரும். போதாததற்கு அவர்கள் கோப்பைச் சுற்றில் ஏழு ஆட்டத் தொடர் ஆடுகிறார்கள். மூன்றுக்கு இரண்டு முறை வெல்லக்கூடிய அணி ஓர் ஆட்டத்தில் தோற்பது சாதாரணம். அதே அணி ஏழு ஆட்டத் தொடரில் வெல்லும் வாய்ப்பு 83 சதவீதத்துக்கு ஏறிவிடும். முயற்சிகள் பெருகப் பெருக அதிர்ஷ்டம் ஒன்றையொன்று அடித்துக்கொண்டு ஒதுங்கும், திறமை மேலே வரும். முயற்சிகள் குறைந்தால் நேர்மாறு.

இது தெரிந்த பயிற்சியாளர்கள் எப்போதும் இருந்திருக்கிறார்கள். 1996இல் பிரின்ஸ்டன் அணிக்கு எதிரே முந்தைய ஆண்டின் சாம்பியன் யூசிஎல்ஏ. உயரத்திலும் வேகத்திலும் ஈடுகொடுக்க முடியாது. பயிற்சியாளர் பீட் கேரில் தம் பிள்ளைகளைப் பந்தை அங்குமிங்கும் அனுப்பி நேரத்தைக் கரைக்கச் சொன்னார். இறுதிக் கணக்கு 43–41. பிரின்ஸ்டன் வென்றது. கூடைப்பந்தில் இது அரைநேரக் கணக்கு போல இருக்கும்.

இன்னும் பழைய உதாரணம் 1985. ஜார்ஜ்டவுன் அந்தப் பருவத்தில் வில்லனோவாவை ஏற்கெனவே இரண்டு முறை தோற்கடித்திருந்தது. மூன்றாவது சந்திப்பு இறுதி ஆட்டமாக அமைந்தது. எறிவதற்குக் காலக்கெடு வைக்கும் ஷாட் கிளாக் அடுத்த பருவத்தில்தான் வந்தது. அதனால் வில்லனோவா அவசரப்படவே இல்லை. ஆட்டம் முழுக்கக் களத்திலிருந்து 28 முறை மட்டும் எறிந்து 22ஐக் கூடையில் போட்டது. 66–64. கோப்பை வென்றவற்றிலேயே தர எண்ணில் மிகத் தாழ்ந்த, 8ஆம் தர அணி இன்றுவரை அதுதான். இருபத்தெட்டே எறிதல்களில் 79 சதவீதம் விழலாம்; இருநூறு எறிந்தால் விழாது. மறுபக்கமும் உண்டு. 2011 இறுதி ஆட்டத்தில் பட்லர் அணி 64 முறை எறிந்து 12ஐத்தான் போட்டது.

16ஆம் தர அணி வெல்லவே முடியாது என்ற நம்பிக்கை 2018 மார்ச் 16 வரை நீடித்தது. அதுவரை நடந்த 135 ஆட்டங்களிலும் 1ஆம் தர அணிக்கே வெற்றி. 136ஆவது ஆட்டம் சார்லட் நகரில். ஒருபக்கம் 31 வெற்றி, 2 தோல்வியோடு வந்த வர்ஜீனியா. மறுபக்கம் மேரிலாந்து பல்கலைக்கழகம், பால்டிமோர் கவுண்டி, சுருக்கமாக யூஎம்பிசி. அந்தப் பல்கலைக்கழகம் அதற்குமுன் பேர்பெற்றிருந்தது சதுரங்கத்தில்! கல்லூரிகளுக்கிடையேயான தேசியச் சதுரங்கப் பட்டத்தைப் பலமுறை வென்ற இடம் அது. பாதி ஆட்டத்தில் 21–21. முடிவில் யூஎம்பிசி 74, வர்ஜீனியா 54.

அந்த ஆட்டத்தின் மூன்று புள்ளி எறிதல்களை மட்டும் பிரித்துப் பார்ப்போம். யூஎம்பிசி 24 எறிந்து 12 போட்டது. வர்ஜீனியா 22 எறிந்து 4. கல்லூரி ஆட்டங்களில் இந்தத் தூரத்திலிருந்து நூற்றுக்கு 35 விழுவது சராசரி என்று கொள்ளலாம். இரண்டு அணிகளும் சராசரியாக எறிந்திருந்தால் ஆளுக்கு எட்டு விழுந்திருக்கும். வர்ஜீனியாவுக்கு 12 புள்ளி கூடுதல், யூஎம்பிசிக்கு 12 புள்ளி குறைவு. மொத்தம் 24 புள்ளி வித்தியாசம். தோல்வியோ 20 புள்ளியில். சராசரி எறிபவர் 22இல் நான்கோ குறைவோ போடுவதற்கான வாய்ப்பு நூற்றுக்கு ஏழு. 24இல் பன்னிரண்டோ கூடவோ போடுவதற்கு நூற்றுக்கு ஒன்பது. இரண்டும் ஒரே இரவில் நடக்க, ஏறத்தாழ 150இல் ஒன்று. நடந்தது 136ஆவது ஆட்டத்தில். இந்தப் பொருத்தத்தை நான் பெரிதாக எடுத்துக்கொள்ள மாட்டேன். எறிதல்கள் ஒன்றையொன்று சாராத நிகழ்வுகள் அல்ல, பதற்றம் இருக்கிறது, எதிரணியின் தடுப்பு இருக்கிறது, வர்ஜீனியாவின் முக்கிய ஆட்டக்காரர் டிஆண்ட்ரே ஹன்டர் மணிக்கட்டு முறிந்து வெளியே இருந்தார். ஆனாலும் எவ்வளவு சிறிய விலகல் எவ்வளவு பெரிய கவிழ்ப்பைத் தரும் என்பதற்கு இதைவிட நல்ல எடுத்துக்காட்டு எனக்குக் கிடைக்கவில்லை. இதில் ஒரு வேடிக்கை, அந்தப் பருவத்தில் நாட்டிலேயே மிக நிதானமாக ஆடியது வர்ஜீனியாதான். பலவீனமான அணிக்குத் தேவைப்படும் குறுகிய ஆட்டத்தைப் பலசாலியே ஏற்பாடு செய்து கொடுத்தது. அடுத்த ஆண்டு அதே வர்ஜீனியா கோப்பையை வென்றது.

எல்லாக் கவிழ்ப்பும் அதிர்ஷ்டக் கணக்கில் சேராது. மகளிர் போட்டியில் 1998இலேயே 16ஆம் தர ஹார்வர்டு, 1ஆம் தர ஸ்டான்ஃபோர்டை 71–67 என்று வென்றது. போட்டிக்குச் சற்று முன் ஸ்டான்ஃபோர்டின் இரண்டு முக்கிய வீராங்கனைகள் முழங்கால் காயத்தால் விலகியிருந்தார்கள். 2023இல் நாட்டிலேயே குள்ளமான அணியான ஃபேர்லி டிக்கின்சன், ஏழடி நாலங்குல ஸாக் ஈடியை வைத்திருந்த பர்டூவை 63–58இல் வென்றபோது, ஈடியைச் சுற்றி ஆள் நிறுத்தி ஓடிக்கொண்டே இருந்த திட்டம் வேலை செய்தது.

அதிர்ஷ்டம் எத்தனை சென்டிமீட்டரில் இருக்கிறது என்று பார்க்க வேண்டுமானால் 2010 இறுதி ஆட்டத்தின் கடைசி எறிதல் இருக்கிறது. இண்டியானாபொலிஸ் நகரில் உள்ளூர்க் கல்லூரியான பட்லர், டியூக்கிடம் இரண்டு புள்ளி பின்தங்கி நிற்கிறது, மீதம் 3.6 விநாடி. டியூக்கின் ஃப்ரீ த்ரோ ஒன்று தவற, பந்தைப் பிடித்த கார்டன் ஹேவர்டு ஓடிவந்து நடுக்கோட்டுப் பக்கத்திலிருந்து வீசினார். பந்து பலகையில் பட்டு, வளையத்தில் மோதி, வெளியே விழுந்தது. 61–59. உள்ளே விழுந்திருந்தால் மூன்று புள்ளி, 62–61, கோப்பை பட்லருக்கு.

வளையத்தின் விட்டம் 45.7 செ.மீ., பந்தின் விட்டம் சுமார் 24 செ.மீ. நேர் மேலிருந்து விழும் பந்துக்கு இடம் தாராளம். 45 டிகிரி சாய்வில் வரும் பந்தின் பார்வையில் அதே வளையம் 32 செ.மீ. அகல நீள்வட்டமாகச் சுருங்குகிறது. சாய்வு 32 டிகிரிக்குக் கீழே போனால் விளிம்பில் படாமல் பந்து நுழையவே முடியாது. உயரமாக வளைத்து எறியச் சொல்லிப் பயிற்சியாளர்கள் நச்சரிப்பது இதற்காகத்தான். ஆனால் உயரம் கூடினால் வேகத்தையும் கூட்ட வேண்டும், அதில் பிசகுக்கு இடம் கூடுகிறது. நல்ல எறிதல் இந்த இரண்டுக்கும் நடுவே செய்துகொள்ளும் சமரசம். நடுக்கோட்டிலிருந்து ஓடிக்கொண்டே எறிபவருக்குச் சமரசம் செய்துகொள்ள நேரம் ஏது?

ஆகச் சிறந்த அணியைக் கண்டுபிடிக்க இந்தப் போட்டி மோசமான கருவி என்றுதான் சொல்வேன். கோப்பைக்கு ஆறு ஆட்டம் தொடர்ந்து வெல்ல வேண்டும். பத்துக்கு ஒன்பது முறை வெல்லும் அபார அணிக்கே ஆறையும் வெல்லும் வாய்ப்பு 53 சதவீதம்தான். ஜான் வுடனின் யூசிஎல்ஏ 1967 முதல் 1973 வரை தொடர்ந்து ஏழு கோப்பை வென்றது மலைப்பான சாதனை. ஆனால் அந்நாளில் அவர்களுக்கு நான்கு வெற்றிகள் போதுமாயிருந்தன. 64 அணிகள் ஆனபின் எவரும் தொடர்ந்து மூன்று முறை வென்றதில்லை.

ஏழு ஆட்டத் தொடராக மாற்றினால் நியாயம் கூடும், பட்லரும் யூஎம்பிசியும் காணாமல் போவார்கள். நியாயம் குறைந்த இந்த வடிவத்துக்குத்தான் என் ஓட்டு.

வரும் மார்ச்சில் நீங்களும் ஒரு தாள் நிரப்பிப் பாருங்கள், பல தளங்களில் இலவசம்தான். முதல் நாள் ஆட்டங்கள் நம் நேரத்துக்கு இரவு ஒன்பதரை, பத்து மணி வாக்கில் தொடங்கும். முதல் சுற்றில் 1ஆம் தர அணிகளைக் கைவிடாதீர்கள். 8–9 ஆட்டங்களுக்கு மூளையைச் செலவழிக்க வேண்டாம். 12ஆம் தர அணிகள் 5ஆம் தரத்தை மூன்றுக்கு ஒருமுறை கவிழ்க்கின்றன, ஆகவே நான்கில் ஒன்றையாவது கவிழ்த்துப் போடுங்கள். கோப்பைக்கு 1ஆம் தர அணிகளில் ஒன்றை எழுதுங்கள். பத்தில் ஆறு முறைக்கு மேல் அவைதான் வென்றிருக்கின்றன. பந்தயம் மட்டும் கட்டாதீர்கள். இத்தனையும் செய்து ஒவ்வோர் ஆட்டத்தையும் நான்குக்கு மூன்று வீதம் சரியாகக் கணித்தாலும், முதல் நாளின் 16 ஆட்டங்களைப் பிழையில்லாமல் தாண்டும் வாய்ப்பு நூற்றில் ஒன்றுதான்.