மடுவின் கதையும் சொல்லப்படாத கதையும்

ஆவணித் திருவிழாவுக்கு மடுவுக்குப் போகும் மன்னார்க் குடும்பங்களில் பிள்ளைகளுக்கு ஒரு கதை சொல்லப்படும். ஒல்லாந்தர் கத்தோலிக்கரைத் துன்புறுத்திய காலத்தில், 1670 அளவில், மாந்தையிலிருந்த மாதா சொரூபத்தைத் தூக்கிக்கொண்டு சில குடும்பங்கள் காட்டுக்குள் ஓடின. அவர்கள் தஞ்சமடைந்த இடமே மடு என்பது மரபு. 2008 ஏப்ரலில் யுத்தம் கோயிலை நெருங்கியபோது அதே சொரூபம் தேவன்பிட்டிக்குக் கொண்டுசெல்லப்பட்டது. அவ்வாண்டு ஆகஸ்ட்டில் திரும்பி வந்தது.

இந்தத் துயரத்துக்கு ஓர் இடமுண்டு, ஒரு நாளுண்டு, கூடி அழ ஆட்களுண்டு. அதனால் அது அடுத்த தலைமுறைக்குக் கதையாகப் போய்ச் சேர்கிறது.

காணாமலாக்கப்பட்டவரின் வீட்டில் அப்படி இல்லை. 31ஆம் நாள் நினைவு இல்லை. இறந்த ஆத்துமாக்களின் நாளான நவம்பர் 2இல் மெழுகுதிரி ஏற்றக் கல்லறை இல்லை. பூசை ஒப்புக்கொடுத்தால் இறந்துவிட்டார் என்று ஏற்றுக்கொண்டதாகிவிடுமோ என்று தாய் அஞ்சுகிறாள். 2018இல் தொடங்கிய அகழ்வில் மன்னார் நகரின் சதொச வளவில் 300க்கும் மேற்பட்ட எலும்புக்கூடுகள் தோண்டியெடுக்கப்பட்டபோது பல குடும்பங்கள் பதிலுக்குக் காத்திருந்தன. 2019இல் வந்த காபன் பரிசோதனை அறிக்கை, அவை 15 முதல் 17ஆம் நூற்றாண்டு வரையான காலத்தவை என்றது. பழைய காத்திருப்பே தொடர்ந்தது.

அந்த வீட்டில் வளரும் பிள்ளை யுத்தத்தைக் கண்டிராது. ஆனால் ஹெலிகொப்டர் சத்தத்துக்கு அம்மா உறைவதையும், ஒரு பெயர் வந்ததும் பேச்சு நிற்பதையும் காண்கிறது. காரணம் சொல்லப்படாதபோது, தன்னால்தான் அம்மா அழுகிறாள் என்றுகூடப் பிள்ளை நினைத்துக்கொள்ளும். யாழ்ப்பாணத்து உளமருத்துவர் தயா சோமசுந்தரம், போரின் பாதிப்பைத் தனிமனிதரோடு நிறுத்தாமல் குடும்பத்தினதும் சமூகத்தினதும் காயமாகப் பார்க்க வேண்டுமென எழுதிவந்தது இதனாலேயே.

1990 ஒக்டோபரில் விடுதலைப் புலிகளால் வெளியேற்றப்பட்ட மன்னார் முஸ்லிம்களின் வீடுகளிலும் இது உண்டு. புத்தளத்தில் பிறந்த பிள்ளைகள், தாங்கள் வாழ்ந்திராத எருக்கலம்பிட்டியின் இழப்பைக் கேட்டு வளர்ந்தார்கள்.

எல்லாவற்றையும் ஒரே நாளில் சொல்லத் தேவையில்லை. "மாமாவைக் காணவில்லை. எங்கே என்று எங்களுக்கும் தெரியாது. அதனால் அம்மாவுக்குச் சில நாள் அழுகை வரும். உன்னில் ஒரு பிழையும் இல்லை." சிறு பிள்ளைக்கு இவ்வளவு போதும். வளர வளர மீதியைச் சொல்லலாம். அவர் பிறந்த நாளில் அவருக்குப் பிடித்த கறியைச் சமைத்து, அவரைப் பற்றிப் பிள்ளைகளோடு பேசலாம். அது அவர் இறந்துவிட்டார் என்று ஏற்றுக்கொள்வதாகாது.