நில அனுபோகமும் கோர்ட்டுத் தடையுத்தரவும்

கம்பம் பள்ளத்தாக்கில் ஓர் அடி நிலத்தின் மதிப்பைக் குடியானவர்களுக்கு எடுத்துக் கூற வேண்டுவதில்லை. 1895-ஆம் வருஷத்தில் பெரியாற்று அணை திறக்கப்பட்ட பின் இப்பிரதேசத்து நன்செய்களில் நெல் இருபோகம் விளைகின்றது. தோட்டங்களிலோ கற்கால் நட்டுப் பந்தலிட்டுத் திராட்சை பயிராகின்றது. வரப்புத் தகராற்றில் பந்தல் வெட்டி வீழ்த்தப்படுமாயின், புதுக்கொடி படர்ந்து பலன் தரும்வரை அக்குடும்பம் வருமானமின்றிக் காத்திருக்க நேரும். ஆதலின் தகராறு முற்றுமுன் முன்சீப் கோர்ட்டை அணுகித் தடையுத்தரவு கோருதலே தக்கது.

பத்திரம் ஒன்றிருந்தால் போதுமென்று பலர் எண்ணுகின்றனர். அது சரியன்று. தாவா தாக்கலான தினத்தில் நிலம் தம் சுவாதீனத்தில் இருந்ததென்று வாதியே ருசுப்படுத்தல் வேண்டும். பிரதிவாதியின் கட்சி பலவீனமாயிருத்தல் வாதிக்குப் பலமாகாது. பயிரின்றிக் கிடக்கும் காலி மனை விஷயத்தில் மட்டும், உரிமையுள்ளவரிடமே அனுபோகமும் இருப்பதாகக் கோர்ட்டார் அனுமானிக்கலாம்.

அனுபோகத்துக்குரிய சாட்சியங்களில் முதன்மையானது அடங்கல். இன்ன பசலியில் இன்ன சர்வே நம்பரில் இன்ன பயிர் என்பதைக் கிராம நிர்வாக அலுவலர் அதில் பதிகின்றார். இத்துடன் தீர்வை ரசீது, கூட்டுறவுச் சங்கத்துப் பயிர்க்கடன் தஸ்தாவேஜு, பயிர்க் காப்பீட்டு ரசீது, கிணற்று மோட்டார் மின் இணைப்புச் சீட்டு, விளைபொருள் விற்ற ரசீது ஆகியனவும் உதவும். பட்டா அனுபோகத்துக்குத் துணைச் சான்றேயன்றி, அதனால் மட்டும் உரிமை ஏற்படுவதில்லை. தகராறு தோன்றிய பின் அவசரமாகச் சேகரித்த காகிதங்களைவிட, முந்தைய பசலிகளில் தொடர்ச்சியாக வந்த பதிவுகளுக்கே மதிப்பு மிகுதி. பிராதில் சர்வே நம்பரும் நான்கெல்லையும் பிழையின்றிக் காட்டப்படவேண்டும். அனுபோகம் யாருடையது என்பதைக் கண்டறிவதற்காகக் கமிஷனரை அனுப்புவது வழக்கமன்று. அது சாட்சியத்தாலேயே தீர வேண்டியது.

இடைக்காலத் தடை கோருங்கால் கோர்ட்டார் மூன்று விஷயங்களை ஆராய்வர்: மேலோட்டப் பார்வையில் வழக்குக்கு ஆதாரம் உண்டா, தடையால் எவருக்கு அசௌகரியம் அதிகம், தடை மறுத்தால் ஈடுசெய்ய முடியாத நஷ்டம் உண்டாகுமா என்பன.

பயிரின் பெருமையைச் சுப்ரீம் கோர்ட்டும் அங்கீகரித்துள்ளது. 1975-இல் பூரண் சிங் எதிர் பஞ்சாப் அரசு என்னும் வழக்கில், சாகுபடி நிலத்தில் அனுபோகம் நிலைபெற்றதா என்பதை அறிய, அங்குப் பயிர் வைக்கப்பட்டதா என்று பார்த்தல் ஒரு பரீட்சை எனக் கூறப்பட்டது. அவ்வாறு நிலைபெற்றபின், உண்மைச் சொந்தக்காரரும் பயிரை அழித்துப் பலாத்காரமாக நுழைதல் ஆகாது. 2003-இல் தீர்ப்பான ராமே கௌடா வழக்கில், உரிமையை ருசுப்படுத்தத் தவறியவருக்கும் நிலைபெற்ற அனுபோகத்தின் பேரில் தடையுத்தரவு நிலைத்தது. சட்டப்படியன்றி அவரை வெளியேற்றலாகாது என்பதே அதன் சாரம். ஆயின் திடீரென்று புகுந்து ஓரிரு நாள் ஏரோட்டியவருக்கு இப்பாதுகாப்பு இல்லை.

எதிராளி உரிமையையே மெய்யாக மறுத்து நிற்பின், வெறுந்தடை மட்டும் கோருதல் போதாது. உரிமை விளம்புகையும் கூடக் கேட்கவேண்டும் என்பது 2008-ஆம் வருஷத்து அனதுல சுதாகர் வழக்கின் தீர்ப்பு. நிலம் முன்னரே கைமாறிவிட்டால் சுவாதீனத்தைத் திரும்பப் பெறவே தாவா செய்யவேண்டும். பலாத்காரமாக வெளியேற்றப்பட்டவர், 1963-ஆம் வருஷத்துக் குறிப்பிட்ட நிவாரணச் சட்டத்தின் 6-ஆம் பிரிவின்கீழ் ஆறு மாதத்துக்குள் வழக்கிட்டால், உரிமை விசாரணையின்றியே நிலத்தை மீட்கலாம். அரசாங்கத்தின் மீது மட்டும் இவ்வழி செல்லாது.

ஆகவே ஒவ்வொரு பசலியிலும் அடங்கலில் தம் பெயரும் பயிரும் சரியாக ஏறியுள்ளனவா என்று பார்த்து, நகல் வாங்கி, ரசீதுகளுடன் பத்திரப்படுத்துதல் குடியானவர்களின் கடமையாகும். விதைக்குங்காலத்தில் அசட்டையாயிருந்தவர் அறுவடைக் காலத்தில் வருந்துவதுபோல, சாட்சியத்தைச் சேர்த்து வையாதவர் கோர்ட்டு வாசலில் வருந்த நேரும்.