பிரேக்குக்குள் பனிக்கட்டி!

மார்கழிக் குளிரில் தேங்காயெண்ணெய் உறைந்து போனால் நாம் என்ன செய்கிறோம்? புட்டியைச் சற்று வெயிலில் வைக்கிறோம். ஐந்து நிமிஷத்தில் காரியம் முடிந்தது. ஆனால் பதினெட்டுச் சக்கர லாரியின் பிரேக் உறைந்து போனால்? அதுவும் சூரியனே தலைகாட்டாத ஊரில்?

வேடிக்கைக்குச் சொல்லவில்லை. அலாஸ்காவின் வட கோடியில், ப்ரூடோ வளைகுடாவில் எண்ணெய்க் கிணறுகள் இருக்கின்றன. அங்கே சாமான் கொண்டு போவதற்கு 1974-ல் போட்ட டால்டன் நெடுஞ்சாலையின் நீளம் 666 கிலோ மீட்டர். நவம்பர் கடைசியிலிருந்து ஜனவரி பாதி வரை அந்த வட கோடியில் சூரியன் உதிப்பதே இல்லை. வழியிலுள்ள ப்ராஸ்பெக்ட் க்ரீக் என்ற இடத்தில் 1971 ஜனவரியில் பூஜ்யத்துக்குக் கீழே 62 டிகிரி குளிர் பதிவாயிற்று!

இந்தச் சாலையில் போகும் பெரிய லாரிகளின் பிரேக், காற்றினால் வேலை செய்வது. கம்ப்ரஸர் என்ற யந்திரம் காற்றை அமுக்கித் தொட்டிகளில் நிரப்புகிறது. பின்னால் இழுத்து வரும் டிரெய்லருக்கு இரண்டு ரப்பர் குழாய்கள். சிவப்புக் குழாய், டிரெய்லரின் தொட்டிக்குக் காற்றைக் கொடுக்கிறது. நீலக் குழாய், டிரைவர் பிரேக்கை மிதித்ததும், "நில்!" என்ற உத்தரவைக் கொண்டு போகிறது.

"காற்று எங்கேயாவது உறையுமா?" என்று கேட்கிறீர்களா? உறைவது காற்றல்ல, அதில் கலந்துள்ள ஈரம். இட்லிப் பானையின் மூடியைத் திருப்பிப் பாருங்கள். முத்து முத்தாய் நீர்த் துளிகள்! அமுக்கிய காற்று சூடாகிறது. தொட்டிக்குள் ஆறியதும் அதே போல் நீர் விடுகிறது. அந்த நீர் குழாயின் வளைவிலோ வால்விலோ தங்கி உறைந்தால் காற்றுக்கு வழி அடைபட்டது.

சிவப்புக் குழாய் அடைத்தால் டிரெய்லர் நகராது. காற்று இல்லாவிட்டால் பிரேக் தானாகவே பிடித்துக்கொள்ளும்படி அமைத்திருக்கிறார்கள். பிரயாணம் தடைப்படும், உயிருக்கு ஆபத்தில்லை. நீலக் குழாய் அடைத்தால்தான் விபரீதம். மிதித்தாலும் டிரெய்லருக்கு உத்தரவு எட்டாது. 1,444 மீட்டர் உயரமுள்ள அட்டிகன் கணவாயிலிருந்து வழுக்கும் பனியில் இறங்கும்போது, முன்னால் லாரி நிற்கப் பார்க்கிறது. பின்னால் பாரம் தள்ளுகிறது. நினைத்தாலே குலை நடுங்குகிறதல்லவா?

உறைந்த பிறகு செய்யக்கூடிய வைத்தியம் கொஞ்சம்தான். தீப்பந்தத்தைக் காட்டலாகாது, ரப்பரும் எண்ணெயும் பற்றிக்கொள்ளும். கண்ட ஆல்கஹாலைக் குழாயில் ஊற்றினால் பனி கரையலாம். கூடவே வால்வுகளிலுள்ள ரப்பரும் கெட்டுவிடும். உஷ்ணமான கொட்டகைக்குள் நிறுத்தி நிதானமாக இளக வைப்பதே உத்தமம். வெளிப்புறத்தில் பிரேக் கட்டை டிரம்மோடு ஒட்டிக்கொண்டிருந்தால், முதலில் சக்கரங்களுக்கு முட்டுக் கொடுத்துவிட்டு, பிறகு டிரம்மைச் சுத்தியலால் தட்டி விடுவிப்பார்கள்.

வருமுன் காப்பதோ மிகவும் சுலபம். காற்றிலுள்ள ஈரத்தை உறிஞ்ச 'டிரையர்' என்ற கருவி இருக்கிறது. அதையும் பராமரிக்க வேண்டும். தினமும் வேலை முடிந்ததும் தொட்டிகளின் அடியிலுள்ள வால்வைத் திறந்து நீரை வெளியேற்ற வேண்டும். கழற்றிய குழாய்களின் வாயைப் பனி புகாமல் மூடி வைக்க வேண்டும். மறுநாள் கிளம்பியதும் மெதுவாகப் போகும்போதே ஒரு தடவை மிதித்துப் பார்த்துவிட வேண்டும்.

எல்லாம் சில நிமிஷ வேலை. ஆனால் உடல் அலுத்து, விரல் விறைத்துப் போன இரவில், "நாளைக்குப் பார்த்துக்கொள்ளலாம்" என்று தோன்றுமே, அந்த நிமிஷத்தில்தான் சோதனை! அடுப்படியை மூடுமுன் காஸ் குழாயைத் திருப்பி மூடினோமா என்று மறுபடி எழுந்து போய்ப் பார்க்கிறோமே, அந்தப் புத்திதான் அங்கேயும் வேண்டியிருக்கிறது. அந்த லாரிகளை ஓட்டுகிறவர்களுக்கும், பெண்களானாலும் ஆண்களானாலும், வீட்டில் வழி பார்த்துக்கொண்டு யாராவது இருப்பார்கள் அல்லவா?